வசனம் எழுதாத எழுத்தாளர்: நபேந்து கோஷின் திரைவாழ்வு

1963-ல் வெளிவந்த பிமல் ராயின் 'பந்தினி' படத்தில் எழுத்துக்கென்று மூன்று பெயர்கள் வருகின்றன. கதை ஜராசந்தர். வசனம் பால் மகேந்திரா. இந்த இருவருக்கும் நடுவே, திரைக்கதை நபேந்து கோஷ். கதையை எழுதியவரும் அவர் இல்லை, கதாநாயகி நூதன் பேசும் வரிகளை எழுதியவரும் அவர் இல்லை. அப்படியானால் அந்த மனிதர் என்னதான் எழுதினார்?

நம் ஊரில் இந்தக் கேள்வி இன்னும் அழுத்தமாக எழும். 1952-ல் 'பராசக்தி' வந்தபோது எழுத்தாளர் என்றால் வசனம் எழுதியவர்தான். இளங்கோவன் தொடங்கிவைத்து மு. கருணாநிதி உச்சத்துக்குக் கொண்டுபோன மரபு அது. நீதிமன்றக் காட்சியை மனப்பாடமாகச் சொல்லத் தெரிந்தவர்களுக்கு, அந்தக் காட்சி படத்தின் எந்த இடத்தில் வருகிறது, அதற்கு முன்னால் நமக்கு என்னென்ன தெரிந்திருக்கிறது என்பது பேசுபொருளாக இருந்ததே இல்லை. நபேந்து கோஷின் வேலை முழுவதும் அந்தப் பேசாத பகுதியில்தான் இருந்தது. எதை முதலில் காட்டுவது, எதைக் கடைசிவரை மறைத்துவைப்பது, நாவலில் பத்துப் பக்கம் ஓடும் உள்ளப் போராட்டத்துக்குத் திரையில் எந்தப் பொருளை, எந்த ஓசையை மாற்றாக வைப்பது என்பவையே அவர் எழுதியவை. அவருடைய பெயர் பலருக்கு நினைவில் தங்காமல் போனதற்கும் காரணம் அதுவே. காதில் விழாத எழுத்தை யார் மேற்கோள் காட்டுவார்கள்?

அவர் 1917 மார்ச்சில் டாக்காவில் பிறந்தார். வங்க நாவலாசிரியர் சரத்சந்திரரின் 'தேவதாஸ்' புத்தகமாக வந்ததும் அதே ஆண்டுதான். வளர்ந்தது பாட்னாவில். வங்காளி வீட்டுப் பிள்ளை, தெருவில் இந்தி. இந்த இரட்டை வளர்ப்பு பிற்காலத்தில் அவருக்கு எவ்வளவு கைகொடுத்தது என்பதைப் பிறகு பார்க்கலாம். மேடையில் நடித்தார், நடனமும் ஆடினார். 1942-ன் வெள்ளையனே வெளியேறு போராட்டத்தை வைத்து 'டாக் தியே ஜாய்' என்ற நாவலை எழுதினார். வாசகரிடம் அவர் பெயரை எடுத்துச்சென்ற அந்த நாவலே அவருடைய அரசு வேலைக்கும் உலை வைத்தது. பிறகு கல்கத்தா. வங்கப் பஞ்சம், 1946 கலவரம், பிரிவினை என்று அந்தப் பத்தாண்டின் காயங்கள் அத்தனையும் அவர் கதைகளில் இருக்கின்றன. 'பியர்ஸ் லேன்' என்ற நாவல் மத்திய கல்கத்தாவின் ஒரு தெருப்பெயரைச் சுமந்துகொண்டு மதக்கலவரத்தை நேருக்குநேர் பார்த்தது. சினிமாவுக்கு வரும்போது அவர் பிழைப்புத் தேடிவந்த கற்றுக்குட்டி அல்லர். வங்க இலக்கியத்தில் இடம்பிடித்துவிட்ட எழுத்தாளர்.

அப்படிப்பட்டவர் ஏன் பம்பாய்க்குப் போனார்? இதற்கு ஆசை, கனவு என்றெல்லாம் காரணம் தேட வேண்டியதில்லை. கணக்குத்தான். 1947-ல் வங்கம் இரண்டாக வெட்டுப்பட்டபோது கல்கத்தாவின் படத்தொழில் தன் திரையரங்குகளில் பெரும்பங்கை எல்லைக்கு அப்பால் இழந்தது. பதிப்பகங்கள் வாசகர்களை இழந்தன. டாக்காவிலும் சிட்டகாங்கிலும் வங்கமொழி படிக்கிறவர்கள் அப்படியே இருந்தார்கள், ஆனால் புத்தகமும் படப்பெட்டியும் அங்கே தடையின்றிப் போய்ச்சேரவில்லை. 1931-ல் பி. என். சர்க்கார் தொடங்கிய நியூ தியேட்டர்ஸ், ஒரு காலத்தில் இந்தியாவின் மிகச் சிறந்த படப்பிடிப்பு நிறுவனம் என்று பெயரெடுத்தது, தள்ளாடத் தொடங்கியிருந்தது. அங்கே ஒளிப்பதிவாளராக இருந்து, 1944-ல் 'உதயேர் பதே' எடுத்துப் பெயர்பெற்ற பிமல் ராய்க்கு பம்பாய் டாக்கீஸிலிருந்து அழைப்பு வந்தது. 'மா' என்ற படத்தை இயக்க வேண்டும். ஐம்பதுகளின் தொடக்கத்தில் அவர் தனியாகப் போகவில்லை. படத்தொகுப்பாளர் ரிஷிகேஷ் முகர்ஜி, உதவியாளர் அசித் சென், இந்தி எழுதத் தெரிந்த பால் மகேந்திரா, கதை விவாதத்துக்கு நபேந்து கோஷ் என்று ஒரு குழுவையே அழைத்துக்கொண்டு போனார். ஒரு படத்துக்கு என்று போனவர்கள் அங்கேயே தங்கிவிட்டார்கள். அவர்கள் போய்ச்சேர்ந்த பம்பாய் டாக்கீஸும் அப்போது நொடித்துக்கொண்டிருந்த நிறுவனம்தான் என்பது தனிக்கதை.

இந்தக் குழு வேலைசெய்த விதத்தைப் புரிந்துகொண்டால் அந்த மூன்று பெயர்களின் கணக்கு விளங்கும். விவாதம் வங்காளத்தில் நடக்கும். எடுத்துக்கொள்ளும் கதை பெரும்பாலும் வங்காளக் கதை. ஆனால் படம் இந்தியில் வர வேண்டும், அதுவும் லாகூரிலிருந்து வந்தவருக்கும் லக்னோக்காரருக்கும் பிடிக்கிற இந்துஸ்தானியில். ஆகவே காட்சிகளின் வரிசையும் ஒவ்வொரு காட்சியின் உள்ளடக்கமும் முடிவான பிறகு, உருது இலக்கியத்தில் தோய்ந்த ஒருவர் வந்து பேச்சைப் போடுவார். 'தேவதாஸ்' படத்துக்கு அப்படி வந்தவர் ராஜிந்தர் சிங் பேடி, உருதுச் சிறுகதையின் முதல் வரிசை ஆள். வீட்டுக்கு நபேந்து கோஷ் தூணும் சுவரும் எழுப்புவார், பேடி வந்து குடியேறுவார்.

இந்த ஏற்பாட்டால் ஒரு நன்மை விளைந்தது. தன் காட்சியைப் பின்னால் வேறொருவர் பேசவைக்கப்போகிறார் என்று தெரிந்த எழுத்தாளர், பேச்சை நம்பிக் காட்சியைக் கட்ட மாட்டார். பேச்சு இல்லாமலே நிற்கிற மாதிரிதான் கட்டுவார். பிமல் ராய் படங்களில் உச்சமான இடங்கள் மௌனமாக இருப்பதற்கு அவருடைய ஒளிப்பதிவாளர் கண் ஒரு காரணம் என்றால், இந்த வேலைப்பிரிவினை இன்னொரு காரணம் என்பது என் கணிப்பு.

1955-ன் 'தேவதாஸ்' இதற்கு நல்ல சான்று. சரத்சந்திரர் இளமையில் எழுதிய நாவல் அது. அதன் பலமும் பலவீனமும் கதைசொல்லியின் குரலில் இருக்கிறது. தேவதாஸைப் பற்றி நம்மிடம் முறையிட்டுக்கொண்டே போகிறது அந்தக் குரல். கடைசியில் வாசகரை நேரடியாகவே அழைத்து, இப்படிப்பட்ட ஒரு பாவியைக் கண்டால் அவனுக்காக வேண்டிக்கொள்ளுங்கள் என்று கேட்டு முடிகிறது. திரையில் அந்தக் குரலுக்கு இடமில்லை. அதை எடுத்துவிட்டால் எஞ்சுவது என்ன? முடிவெடுக்கத் தெரியாமல் குடித்துச் சாகும் ஒரு ஜமீன்தார் பையன். அவன்மீது இரக்கம் வரவைப்பதுதான் திரைக்கதையாளரின் தலைவலி.

நபேந்து கோஷும் பிமல் ராயும் இதை எப்படிச் சமாளித்தார்கள் என்றால், தேவதாஸை நியாயப்படுத்தவே முயலவில்லை. அவனைச் சுற்றியிருக்கும் இரண்டு பெண்களின் எடையைக் கூட்டினார்கள். இளமைக் காதலி பார்வதி ஒரு தட்டில், தாசி சந்திரமுகி மறு தட்டில். நாவலில் அந்த இருவரும் சந்திப்பதே இல்லை. படத்தில் ஒருமுறை எதிரெதிரே வருகிறார்கள். பல்லக்கில் வருகிறாள் பார்வதி. எதிர்த்திசையில் வெறுங்காலோடு நடந்துவருகிறாள் சந்திரமுகி. பல்லக்குக்குள்ளிருந்து ஒரு பார்வை, பாதையோரத்திலிருந்து ஒரு பார்வை. இன்னார் என்று இருவருக்கும் தெரியாது, நமக்குத் தெரியும். பின்னணி இசை மட்டும் ஒலிக்க, பல்லக்கு கடந்துபோய்விடுகிறது. ஒரு வசனம் கிடையாது. பார்வையாளரிடம் மட்டும் ஒரு தகவலைக் கொடுத்து, பாத்திரங்களிடமிருந்து அதைப் பறித்துவைக்கும் வித்தை இது. பிற்கால 'தேவதாஸ்' ஒன்று இதே இருவரையும் ஒன்றாக நடனமாடவிட்டதை நினைத்துப் பார்த்தால், அடக்கம் எவ்வளவு பெரிய சொத்து என்று தெரியும்.

இந்தச் சமநிலைக்கு எதிர்பாராத ஒரு சாட்சி கிடைத்தது. சந்திரமுகியாக நடித்தவர் சென்னையிலிருந்து போன வைஜயந்திமாலா. அவருக்குச் சிறந்த துணை நடிகைக்கான பிலிம்பேர் விருது அறிவிக்கப்பட்டபோது அதை வாங்க மறுத்துவிட்டார். தான் ஏற்றது துணைப் பாத்திரம் அன்று, பார்வதிக்கு இணையான பாத்திரம் என்பது அவருடைய வாதம். விருதுக்குழுவுக்கு நட்சத்திர வரிசை மட்டும் கண்ணில் பட்டிருக்க வேண்டும். நடிகை திரைக்கதையைச் சரியாகப் படித்திருந்தார். நாகேஸ்வர ராவும் சாவித்திரியும் நடித்த 1953-ன் 'தேவதாஸ்' நினைவோடு இந்தப் படத்தைப் பார்க்கும் தமிழர்கள் இதைத் தாங்களே சோதித்துப் பார்க்கலாம். அங்கே 'உலகே மாயம்' என்ற பாட்டோடு மனத்தில் தங்குகிறவன் தேவதாஸ்.

'பந்தினி'க்கு வருவோம். அவருடைய வேலைகளில் எனக்கு எல்லாவற்றுக்கும் மேலாகப் படுவது இதுதான்.

ஜராசந்தர் என்பது புனைபெயர். சாருசந்திர சக்கரவர்த்தி என்ற அவர் சிறை அதிகாரியாக வேலை பார்த்தவர். கம்பிக்குப் பின்னால் கண்ட மனிதர்களைக் கதைகளாக்கி வங்காளத்தில் பெரும் வாசகர் கூட்டத்தைச் சேர்த்தவர். அவருடைய 'தாமசி'தான் படத்துக்கு மூலம். சாரமாகச் சொன்னால் நேர்க்கோட்டுக் கதை. போஸ்ட்மாஸ்டரின் மகள் கல்யாணி, விடுதலைப் போராளி விகாஷை விரும்புகிறாள். திரும்பி வருகிறேன் என்று போனவன் வரவில்லை, வேறொருத்தியை மணந்துகொண்டதாகச் செய்தி வருகிறது. ஊர்வாய்க்கு அஞ்சி வீட்டைவிட்டு வெளியேறி நகரத்து மருத்துவமனையில் பணிப்பெண்ணாகிறாள். அங்கே தான் பணிவிடை செய்யும் முரட்டு நோயாளி விகாஷின் மனைவி என்று தெரியவரும் நாளில் அவளுக்கு நஞ்சு கொடுத்துவிடுகிறாள்.

இதை இந்த வரிசையிலேயே எடுத்திருந்தால் கண்ணீர்ப் படமாகியிருக்கும். திரைக்கதை சிறையிலிருந்து தொடங்குகிறது. கல்யாணி கொலைக்குற்றவாளி என்பது ஆரம்பத்திலேயே நமக்குத் தெரிந்துவிடுகிறது. ஆனால் யாரைக் கொன்றாள், ஏன் கொன்றாள் என்பது தெரியாது. அவளைப் பார்த்துக்கொண்டே இருக்கிறோம். காசநோய் கண்ட கைதியைக் கவனிக்க யாரும் முன்வராதபோது அவள் போகிறாள். சிறை மருத்துவர் தேவேன் அவளை மணக்க விரும்பும்போது விலகி ஓடுகிறாள். இப்படி அவளுடைய நல்ல குணத்தில் நாம் ஊறிப்போன பிறகுதான் கடந்த காலம் திறக்கிறது, அதுவும் அவளே எழுதும் கதையாக. கொலை அந்தப் பின்கதையின் கடைசியில் வருகிறது. அதற்குள், கொலைகாரி என்று தீர்ப்பு எழுதப்பட்டவளின் வழக்கறிஞர்களாக நாம் மாறிவிட்டிருக்கிறோம். குற்றத்தை முதலில் சொல்லி, காரணத்தைக் கடைசியில் கொடுப்பது துப்பறியும் கதைக்காரர்களின் உத்தி. அதை ஒரு பெண்ணின் மனச்சாட்சிக் கதைக்கு எடுத்துவந்தது திரைக்கதையாளரின் துணிச்சல்.

கொலைக் காட்சியிலும் வசனகர்த்தாவுக்கு வேலை கொடுக்கவில்லை. கல்யாணி இருட்டில் நிற்கிறாள். பக்கத்தில் எங்கோ பட்டறை வேலை நடக்கிறது. உலோகத்தை உலோகம் அறையும் ஓசை விடாமல் கேட்கிறது. பற்றவைக்கும் தீப்பொறியின் ஒளி அவள் முகத்தில் விழுவதும் அணைவதுமாக இருக்கிறது. அன்றைக்குத்தான் தன்னைத் தேடிவந்த அப்பா விபத்தில் இறந்த செய்தி வந்திருக்கிறது. உள்ளே அந்த நோயாளி. நூதனின் முகம், ஒளிப்பதிவாளர் கமல் போஸின் ஒளி, அந்தச் சம்மட்டி ஓசை. "நான் ஏன் இதைச் செய்தேன் தெரியுமா" என்று தொடங்கும் ஒரு பத்தி வசனத்தை இந்த இடத்தில் வைக்க எந்தப் படத்தயாரிப்பாளரும் ஆசைப்பட்டிருப்பார். வைக்காமல் விட்டதும் எழுத்துத்தான்.

முடிவும் அதே ரகம். விடுதலையான கல்யாணி, தேவேன் வீட்டுக்குப் போக ஒரு படித்துறையில் ரயிலுக்குக் காத்திருக்கிறாள். அதே படித்துறையில் நோயுற்ற விகாஷ், நீராவிக் கப்பலுக்குக் காத்திருக்கிறான். அவன் மணந்தது கட்சியின் கட்டளைக்காக என்று அங்கேதான் அவளுக்குத் தெரிகிறது. ஒரு பக்கம் ரயிலின் ஊதல், மறுபக்கம் கப்பலின் ஊதல். இசையமைப்பாளர் எஸ். டி. பர்மனின் குரலில் படகோட்டிப் பாட்டு. அவள் கப்பலை நோக்கி ஓடுகிறாள். மரியாதையான வாழ்வைக் கொடுக்க வந்தவனை விட்டுத் தன்னைக் கைவிட்டவனிடம் ஓடுவதை இன்றைக்குப் பெண்ணிய நோக்கில் கேள்வி கேட்பவர்கள் இருக்கிறார்கள், அந்தக் கேள்வியில் நியாயம் உண்டு. ஆனால் அவளுடைய தேர்வை நமக்கு விளக்கிச் சொல்ல யாரையும் அனுப்பாமல், இரண்டு வாகனங்களின் புறப்பாட்டு நேரமாக அதை மாற்றிய தொழில்திறனைக் கேள்வி கேட்க முடியாது.

எல்லா இடத்திலும் இந்தக் கறார் இருந்தது என்று சொல்ல மாட்டேன். 1959-ன் 'சுஜாதா', சுபோத் கோஷின் கதை. தீண்டத்தகாத சாதியில் பிறந்து பிராமணப் பொறியாளர் வீட்டில் வளரும் பெண்ணின் கதையை இரண்டு மணி நேரம் நுட்பமாகச் சொல்லிவிட்டுக் கடைசியில் ரத்ததானத்தில் கொண்டுபோய் முடிச்சை அவிழ்க்கிறது. வளர்ப்புத் தாயின் உயிரைக் காப்பாற்ற சுஜாதாவின் ரத்தம்தான் பொருந்துகிறது, தாயின் மனம் மாறுகிறது. தன் உடம்பிலிருந்து ரத்தம் கொடுத்தால்தான் ஒரு பெண்ணுக்கு மகள் என்ற இடம் கிடைக்குமா? சாதியை எதிர்க்கக் கிளம்பிய படம் அந்தக் கேள்வியை எழுப்பாமலே நகர்ந்துவிடுகிறது. அதற்கு முன்பு வரும் சின்னச்சின்ன அவமானங்கள், உறவினர் வருகையின்போது சுஜாதாவை எங்கே நிறுத்துவது என்று அந்த வீடு தடுமாறுவது, இவையெல்லாம் முடிவைவிடப் பல மடங்கு நேர்மையானவை.

பிமல் ராய்க்கு வெளியிலும் அவர் நிறைய எழுதினார். குரு தத்தின் 'ஆர் பார்' (1954) படத்துக்குக் கதை அவருடையது. டாக்ஸி ஓட்டுநர், பம்பாய்த் தெரு, குறும்பு, சட்டவிரோதிகள் என்று 'தேவதாஸ்' எழுதியவரா இது என்று கேட்கவைக்கும் படம். ரிஷிகேஷ் முகர்ஜியின் 'மஜ்லி தீதி' மறுபடியும் சரத்சந்திரர். அதற்குத்தான் 1969-ல் பிலிம்பேர் திரைக்கதை விருது கிடைத்தது. 'அபிமான்' (1973) படத்தின் திரைக்கதையிலும் அவர் பங்கு உண்டு. 'தோ அஞ்சானே' (1976) நீஹார் ரஞ்சன் குப்தாவின் வங்காள நாவலிலிருந்து வந்தது. எழுபதுகளின் வணிகப் படங்கள் சிலவற்றில் அவர் பெயரைப் பார்க்கும்போது, வீட்டு வாடகை என்று ஒன்று எல்லா எழுத்தாளருக்கும் உண்டு என்று எண்ணிக்கொண்டு நகர்ந்துவிடலாம்.

ஆனால் 'தீஸ்ரீ கசம்' (1966) அப்படி நகரக்கூடியது அன்று. பாடலாசிரியர் சைலேந்திரா தன் கைப்பணத்தைப் போட்டு எடுத்த ஒரே படம். பாசு பட்டாச்சார்யா இயக்கம், சுப்ரதா மித்ரா ஒளிப்பதிவு, ராஜ் கபூரும் வஹீதா ரஹ்மானும். மூலக்கதையையும் வசனத்தையும் எழுதியவர் பிகாரின் பூர்ணியா வட்டாரத்தைச் சேர்ந்த பணீஸ்வர்நாத் ரேணு. பாட்னாவில் வளர்ந்த நபேந்து கோஷுக்கு அந்த மண்ணின் பேச்சும் மாட்டுவண்டியும் புத்தகத்தில் படித்து அறிந்தவை அல்ல.

ரேணுவின் கதை, வண்டிக்காரன் ஹீராமனின் முதுகில் உண்டாகும் ஒரு கூச்சத்தில் தொடங்குகிறது. வண்டிக்குள் ஒரு பெண் இருக்கிறாள். அவன் முன்பு செய்த இரண்டு சத்தியங்கள், அதாவது கள்ளச்சரக்கு ஏற்ற மாட்டேன், மூங்கில் ஏற்ற மாட்டேன் என்பவை, நினைவுகளாக இடையிடையே வந்துபோகின்றன. படம் அவற்றை முன்னால் இழுத்து நிகழ்ச்சிகளாகவே காட்டிவிடுகிறது. இரவில் போலீஸ் மடக்க, வண்டியை விட்டுவிட்டு மாடுகளோடு ஹீராமன் தப்பி ஓடுகிறான். அப்புறம் மூங்கில் பாரம், அதனால் வாங்கும் அடி. இந்த இரண்டையும் பார்த்துச் சிரித்துவிடுகிறோம். படத்தின் பெயரே மூன்றாவது சத்தியம் என்று இருப்பதால், அப்போதிருந்தே மூன்றாவது எது என்று காத்திருக்கத் தொடங்குகிறோம். ஆகவே வட இந்திய நாட்டார் நாடகமான நௌடங்கியின் ஆட்டக்காரி ஹீராபாய் வண்டியில் ஏறும்போது, அவன் மனத்தில் காதல் முளைப்பதற்கு முன்பே, இது எங்கே போய் முடியும் என்ற அச்சம் நம் மனத்தில் முளைத்துவிடுகிறது. சிறுகதையில் நினைவின் மணமாக இருந்தது, படத்தில் விதியின் எண்ணிக்கையாகிவிட்டது. இதில் சிறுகதையின் மென்மை கொஞ்சம் போகத்தான் செய்தது, ஆனால் இரண்டரை மணி நேரப் படத்தை இழுத்துச்செல்ல அந்த எண்ணிக்கை இல்லாமல் முடிந்திருக்காது.

பிரியும் காதலர்கள் கடைசியில் சேர வேண்டும் என்று விநியோகத் தரப்பிலிருந்து நெருக்கடி வந்தது. சைலேந்திரா இணங்கவில்லை, ரேணுவும் இணங்கவில்லை. படம் வசூலில் படுத்தது. சைலேந்திரா அந்த ஆண்டு டிசம்பரிலேயே இறந்துபோனார். சிறந்த படத்துக்கான குடியரசுத் தலைவர் தங்கப்பதக்கம் அதற்குப் பிறகு வந்தது. அதே 1966-ன் ஜனவரியில் பிமல் ராயும் போய்விட்டிருந்தார். ஒரே ஆண்டில், முடிவை மாற்றாமல் காப்பாற்றக்கூடிய இரண்டு பேர் நபேந்து கோஷின் வட்டத்திலிருந்து மறைந்தார்கள். அதற்குப் பிந்தைய பட்டியலின் ஏற்ற இறக்கத்துக்கு இதையும் கணக்கில் சேர்க்க வேண்டும். திரைக்கதையாளர் எவ்வளவு கெட்டிக்காரராக இருந்தாலும், அவர் எழுதியதை எழுதியபடி எடுக்கத் துணியும் இயக்குநரும் தயாரிப்பாளரும் கிடைக்கும்வரைதான்.

எனக்கு உறுத்துவது வேறொன்று. பஞ்சத்தையும் கலவரத்தையும் பிரிவினையையும் சுடச்சுட எழுதிய நாவலாசிரியர் பம்பாயில் கழித்த பல பத்தாண்டுகளில் பெரும்பகுதியை சரத்சந்திரர், சுபோத் கோஷ், ஜராசந்தர் என்று மற்றவர்களின் கதைகளைத் திரைக்குப் பெயர்ப்பதில் செலவிட்டார். அதனால் இந்திப் பார்வையாளர்களுக்கு வங்க இலக்கியத்தின் ஒரு பெரும்பகுதி போய்ச்சேர்ந்தது, அது உண்மை. வங்க நாவல்களை மொழிபெயர்த்து த. நா. குமாரசுவாமியும் அ. கி. ஜயராமனும் தமிழ் வாசகர்களுக்குச் செய்த பணியை அவர் திரையரங்குகளுக்குச் செய்தார் என்றுகூடச் சொல்லலாம். ஆனால் கல்கத்தாவின் ரத்தக்கறை படிந்த தெருக்களை நேரில் பார்த்து எழுதியவரின் கண், அவரைப் பம்பாய்க்குத் துரத்திய அந்தப் பிரிவினையின் பக்கம், அவருடைய பெயர்பெற்ற படங்களில் திரும்பவே இல்லை. ஐம்பதுகளின் இந்தி சினிமாவுக்கு அதைப் பேசும் தெம்பு இல்லை என்பதுதான் விடையாக இருக்க வேண்டும். அவர் வங்காளத்தில் கதை எழுதுவதை மட்டும் விடவில்லை. 'ஏகா நௌகார் ஜாத்ரி' என்ற தன்வரலாறும் வங்காளத்தில்தான்.

படம் இயக்கும் வாய்ப்பு மிகத் தாமதமாக வந்தது. 1988-ல் 'திருஷாக்னி'. பழங்காலத்து மத்திய ஆசியா, பாலைவனத்துப் பௌத்த மடம், மணற்புயலில் தப்பிய சிலர். நானா பாடேகரும் பல்லவி ஜோஷியும் நிதிஷ் பரத்வாஜும் நடித்தார்கள். தாமே இயக்குநராக உட்கார்ந்தபோதும் அவர் எடுத்துக்கொண்டது தன் கதையை இல்லை, சரதிந்து பந்த்யோபாத்யாயின் கதையை. அந்தப் படத்துக்கு இந்திரா காந்தி பெயரிலான தேசிய விருது கிடைத்தது. அறிமுக இயக்குநரின் சிறந்த முதல் படத்துக்குக் கொடுக்கப்படும் விருது அது. படம் வந்த ஆண்டில் அந்த அறிமுக இயக்குநருக்கு வயது 71. திரைத்துறைக்கு வந்து முப்பத்தைந்து ஆண்டுகளுக்கு மேல் ஆகியிருந்தது. 2007 டிசம்பரில் கொல்கத்தாவில் காலமானார்.